தங்கத்தைத் தொட்டவனுக்குச் சோதனை, காணிக்கையைத் தொடுபவருக்கு?

சென்ற மழைக்காலத்தில் தங்கவயலில் ஒரு லைன் வீட்டுச் சாவுக்குப் போயிருந்தேன். இறந்தவர் சாம்பியன் ரீப் சுரங்கத்தில் இருபத்தாறு வருடம் பாதாளத்தில் இறங்கி ஏறியவர். சுரங்கம் மூடியபின், நெஞ்சு நிறையக் கல்தூசியோடு வாசல்படியில் உட்கார்ந்து இருமி இருமியே மிச்ச காலத்தைக் கழித்தவர். மாலை நான்கு மணிக்கு அடக்கம் என்று சொல்லியிருந்தார்கள். மூன்றரை மணிக்குக் கோயிலிலிருந்து ஒருவர் வந்து மூத்த மகனைத் தனியே அழைத்தார். சந்தா பாக்கி நாலு வருடம் நிற்கிறதாம். அதைக் கட்டினால்தான் மணி அடிப்பார்களாம், குழி வெட்ட ஆள் வருவார்களாம்.

மகன் பெங்களூரில் ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தில் காவலாளி. தகப்பன் இறந்த செய்தி கேட்டு, இருந்த கூலிப்பணத்தைச் சவப்பெட்டிக்குக் கொடுத்துவிட்டு நின்றான். கடைசியில் லைன்காரர்கள்தான் ஒரு துண்டை விரித்தார்கள். பத்தும் இருபதுமாக விழுந்தது. போட்டவர்களில் பாதிப்பேர் கிறிஸ்தவர்களே அல்ல. பணம் போயிற்று, ரசீது வந்தது, மணி அடித்தது.

எந்தச் சபை, எந்தக் கோயில் என்று நான் எழுதப் போவதில்லை. எழுதினால் மற்றச் சபைக்காரர்கள் எல்லாம் ‘நல்லவேளை, நம்முடையது இல்லை’ என்று நிம்மதியாகப் பக்கத்தைத் திருப்பிவிடுவார்கள். இன்னொன்றும் சொல்லவேண்டும். அன்று ஜெபம் செய்த குருவானவர் கல்நெஞ்சர் அல்ல. கல்லறையில் அந்த விதவையின் தலையில் கைவைத்து அவர் ஜெபித்தபோது எங்களுக்கெல்லாம் கண் கலங்கியது. பாக்கி கேட்டு ஆள் போனதே அவருக்குத் தெரியாது என்று பிறகு கேள்விப்பட்டேன். தெரியாது என்பது பதிலாகுமா? தன் பெயரால், தன் கோயில் முத்திரை போட்ட ரசீதில் நடப்பதைத் தெரிந்து வைத்திருப்பதும் குருவானவரின் கடமைதானே?

போதகர்கள், பாதிரிமார்களின் நடத்தை என்று பேச்சு எடுத்தாலே நம்மவர்களுக்கு இரண்டு விஷயங்கள்தாம் ஞாபகம் வரும். ஒன்று பெண் விவகாரம், மற்றொன்று சொத்து விவகாரம். பத்திரிகைகளும் அவற்றைத்தான் கொட்டை எழுத்தில் போடுகின்றன. அவை சிறிய விஷயங்கள் என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஏழைக் கிறிஸ்தவன் தன் குருவானவரைச் சந்திக்கும் இடம் வேறு. ஞானஸ்நானத்துக்கு எழுதிக் கொடுக்கும்போது, கல்யாண ஓலை வாசிக்கும்போது, பள்ளிக்கூடச் சீட்டுக்குக் கடிதம் கேட்டு நிற்கும்போது, சாவின்போது. அந்த இடங்களில் அவர் எப்படி நடந்துகொள்கிறார் என்பதற்கு எழுதப்பட்ட சட்டம் இருக்கிறது. இருப்பதே நம்மில் பலருக்குத் தெரியாது என்பதுதான் என் வருத்தம்.

கத்தோலிக்கத் திருச்சபையின் சட்டத் தொகுப்பு 1983-ம் ஆண்டு ஜனவரியில் இரண்டாம் ஜான் பால் பாப்பரசரால் வெளியிடப்பட்டு, அதே ஆண்டு நவம்பரில் அமுலுக்கு வந்தது. அதில் 1181-ம் விதி அடக்கச் சடங்கைப் பற்றியது. ஆளுக்கு ஆள் பட்சபாதம் கூடாது, ஏழைக்கு உரிய அடக்கச் சடங்கு மறுக்கப்படக் கூடாது என்பது அதன் சாரம். 848-ம் விதி இன்னும் ஒரு படி மேலே போகிறது. திருவருட்சாதனங்களுக்கு, நிர்ணயித்த காணிக்கைக்கு மேல் குருவானவர் எதுவும் கேட்கக்கூடாது. இல்லாதவன் இல்லாமையினாலேயே அவற்றை இழக்கும்படி விடக்கூடாது. அந்தக் காணிக்கை விகிதத்தை நிர்ணயிப்பதும் பங்குக் குருவானவர் அல்ல, கோயில் கமிட்டி அல்ல. மாநிலத்து ஆயர்கள் கூடி முடிவு செய்யவேண்டியது. இப்படி இருக்க, சவத்தை நடுவீட்டில் வைத்துக்கொண்டு பாக்கிக் கணக்குப் பார்க்கும் அதிகாரம் யார் கொடுத்தது?

நான் சுரங்கத்தில் டைம் ஆபீஸ் குமாஸ்தாவாக இருந்தவன். கணக்கு என்றால் எனக்கு வேறோர் எண்ணமும் வரும். ஜான் டெய்லர் கம்பெனி 1880-ம் ஆண்டு இங்கே கால் வைத்த நாளிலிருந்து, 1956-ல் மைசூர் அரசாங்கம் எடுத்து, 1972-ல் பாரத் தங்கச் சுரங்கம் என்று பெயர் மாறி, 2001 பிப்ரவரி 28-ல் இழுத்து மூடியது வரை, இந்த ஊரில் கணக்குக்குக் குறைவே கிடையாது. கீழே இறங்குகிறவனுக்கு ஒரு டோக்கன்; மேலே வந்தால் அதைத் திருப்பவேண்டும். ஒரு டோக்கன் குறைந்தால் ஒரு மனுஷன் கீழே இருக்கிறான் என்று அர்த்தம். யாரும் அதை அவமானம் என்று நினைத்ததில்லை. அந்த எண்ணிக்கைதான் உயிரைக் காத்தது.

ஆனால் இன்னொரு கணக்கும் இருந்தது. ஷிப்டு முடிந்து வருகிறவனை நிறுத்தி, தங்கக் கல் ஒளித்திருக்கிறானா என்று உடம்பெல்லாம் தடவிப் பார்த்த சோதனை அது. தொழிலாளி மட்டும் திருடன், மற்றவர் யாவரும் யோக்கியர் என்ற கணக்கு. 1930-ல் நம் பாட்டன்மார் கைரேகைப் பதிவை எதிர்த்து வேலைநிறுத்தம் செய்ததற்கும் இந்த மனக்கசப்புதான் காரணம். கணக்குக் கேட்டதற்காக அவர்கள் கோபப்படவில்லை. கீழே இருப்பவனிடம் மட்டும் கேட்டதற்காகக் கோபப்பட்டார்கள்.

தங்கத்தைத் தொட்டவனைத் தடவிப் பார்த்த ஊரில், காணிக்கையைத் தொடுகிறவரிடம் வருஷத்துக்கு ஒருமுறை கணக்குக் கேட்டால் அது குருநிந்தை என்கிறார்கள். ‘சாமியையே சந்தேகப்படுகிறாயா, உனக்கு நரகம்தான்’ என்று பக்கத்து பெஞ்சுக்காரரே பயமுறுத்துகிறார். இவர்களுக்குப் பவுல் அப்போஸ்தலரை ஞாபகப்படுத்த ஆசைப்படுகிறேன். எருசலேமின் ஏழைகளுக்குச் சேர்ந்த தர்மப் பணத்தை அவர் தனியாகத் தூக்கிக்கொண்டு போகவில்லை. சபைகளே தேர்ந்தெடுத்த ஆட்களைக் கூட வைத்துக்கொண்டார். கடவுள் முன்பாக மட்டுமல்ல, மனிதர் கண்ணுக்கும் சுத்தமாக இருக்கவேண்டும் என்று காரணமும் எழுதி வைத்தார். அப்போஸ்தலருக்கே தேவைப்பட்ட சாட்சி, நம் பங்குக் கோயிலுக்குத் தேவையில்லையா?

1983 சட்டத்தில் இதற்கும் வழி இருக்கிறது. ஒவ்வொரு பங்கிலும் நிதிக்குழு ஒன்று இருந்தே தீரவேண்டும் என்கிறது 537-ம் விதி. விசுவாசிகள் கொடுத்த காணிக்கைக்கு விசுவாசிகளுக்கே கணக்குக் காட்டவேண்டும் என்கிறது 1287. கூட்டுத் திருப்பலியில் நாற்பது பேர் பெயரை ஒரே மூச்சில் வாசித்து நாற்பது காணிக்கை வாங்கும் வழக்கத்தைப் பற்றி 2025 ஏப்ரலில் ரோமாபுரியிலிருந்து மறுபடியும் ஓர் ஆணை வந்தது. கொடுத்தவருக்கு முன்கூட்டித் தெரிவிக்கவேண்டும், அவர் மனமுவந்து சம்மதிக்கவேண்டும், குருவானவர் ஒரே ஒரு காணிக்கையைத்தான் தமக்கென வைத்துக்கொள்ளலாம். பெங்களூர்ப் பேராயத்துக்கு உட்பட்ட நம் தங்கவயல் கோயில்களில் எத்தனை பேருக்கு இதைத் தமிழில் வாசித்துக் காட்டினார்கள்? தம் பங்கில் வாசித்தார்கள் என்று யாராவது எழுதினால் சந்தோஷப்படுவேன்.

தென்னிந்தியத் திருச்சபையில் நிலைமை வேறு மாதிரி. 1947 செப்டம்பர் 27-ல் பிறந்த நாள் முதல் அதற்குச் சட்டதிட்டம் உண்டு, குருசேகரக் கமிட்டி உண்டு, தேர்தல் உண்டு. ஜனநாயகம் நிறையவே உண்டு. நோயும் அங்கிருந்துதான் வருகிறது. தேர்தல் என்றால் கட்சி, கட்சி என்றால் வாக்கு, வாக்கு என்றால் ஆயர் ஐயாவும் ஓர் அணித் தலைவர். சண்டை முற்றி, பேரவையின் நிர்வாகத்தைப் பார்க்க ஓய்வுபெற்ற நீதிபதிகளைச் சென்னை உயர்நீதிமன்றம் 2024-ல் நியமிக்கும் அளவுக்குப் போயிற்று. பிறகு உச்சநீதிமன்றப் படியும் ஏறினார்கள். யார் பக்கம் நியாயம் என்று தீர்ப்புச் சொல்ல நான் யார்? ஆனால் ஞாயிறு ஆராதனையில் சமாதானத்தைக் கூறும் அதே வாய், திங்கட்கிழமை வாக்குச் சேகரிக்கலாமா என்ற கேள்வியைக் கேட்க நீதிபதி தேவையில்லை.

தனிச் சபைகளைப் பற்றிக் கேட்பீர்கள். ராபர்ட்சன்பேட்டையில் தெருவுக்கு ஒரு ஜெபவீடு இருக்கிறது. நல்ல ஊழியக்காரரும் இருக்கிறார்கள். குடிகாரனைத் திருத்தி வீடு சேர்த்தவர்களை எனக்கே தெரியும். ஆனால் ஆயரும் இல்லை, பேரவையும் இல்லை, மாற்றலும் இல்லை. சபையும் அவர், கமிட்டியும் அவர், பொருளாளர் அவர் மனைவி. அங்கே விசுவாசிக்கு இருக்கும் ஒரே உரிமை எழுந்து போவதுதான்.

பணத்தை விட்டு விடுவோம். பேச்சுக்கு வருவோம். அறுபத்தெட்டு வயதுப் பெரியவர், பேரன் பேத்தி எடுத்தவர், ஒரு கடிதத்துக்காகப் பங்களா வாசலில் நிற்கிறார். உள்ளிருந்து இருபத்தெட்டு வயதுச் சாமி வருகிறார். பெரியவர் ‘சாமி, தோத்திரம்’ என்று கைகூப்புகிறார். ‘என்னய்யா, என்ன வேணும் உனக்கு?’ என்று பதில் வருகிறது. அதே நிமிஷம் காரில் வந்து இறங்கிய ஒப்பந்தக்காரருக்கு ‘வாங்க, உட்காருங்க’ என்று நாற்காலி வருகிறது. இதை எந்தச் சட்டப் புத்தகத்திலும் குற்றமென்று எழுதமாட்டார்கள். ஆனால் லைன் வீட்டில் பிறந்தவன் இதை மறப்பதில்லை. வட ஆற்காட்டிலிருந்தும் சித்தூரிலிருந்தும் சாதியின் பெயரால் ஒதுக்கப்பட்ட மக்கள் இந்த மலைக்கு வந்து, பெரும்பாலும் அந்த மக்களே இங்கே கோயில்களை நிறைத்தார்கள். மரியாதையைத் தேடித்தான் அவர்களில் பலர் கோயில் படி ஏறினார்கள். இந்திய ஆயர் பேரவை 2016-ல் வெளியிட்ட தலித் மேம்பாட்டுக் கொள்கை, திருச்சபைக்குள்ளேயே தீண்டாமை இருப்பதை ஒப்புக்கொண்டது. ஒப்புக்கொண்டது பெரிய காரியம். அது ‘நீ’ ‘நீங்க’ வரையில் இறங்கி வரவேண்டும்.

மொழி விஷயம் நம் எல்லோருக்கும் உறுத்தும் விஷயம். இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்குப் பிறகு லத்தீன் போய்ச் சொந்த மொழியில் பூசை வந்தபோது, யாருடைய சொந்த மொழி என்ற சண்டையும் கூடவே வந்தது. பெங்களூர்ப் பேராயத்தில் அது பல பத்தாண்டுகளாகப் புகைந்தது. 2013 ஈஸ்டர் இரவில், மல்லேஸ்வரம் புனித இராயப்பர் குருமடத்தின் அதிபர் கே. ஜே. தாமஸ் அடிகளார் குருமடத்துக்குள்ளேயே கொலையுண்டார். அடுத்த ஆண்டு போலீசார் கைது செய்தவர்களில் குருக்களும் இருந்தார்கள். குருமட நிர்வாகத்திலும் மொழியிலும் எழுந்த பிணக்கே பின்னணி என்று போலீசார் கூறினார்கள். குற்றவாளி யார் என்பது நீதிமன்றத்தின் வேலை; அதில் நாம் கைவைக்கக் கூடாது. ஆனால் அந்தப் பகை ஒரே நாளில் விளைந்ததா? குருவானவர்கள் கன்னடக் கட்சி, தமிழ்க் கட்சி, கொங்கணிக் கட்சி என்று பிரிந்து நின்றபோதெல்லாம், நம் கட்சிக்காரர் என்று கைதட்டிய விசுவாசிகள் நாமும் அல்லவா?

தமிழ்ப் பத்திரிகையில் எழுதுகிறேன் என்பதற்காக ஒருதலையாகப் பேசமாட்டேன். இது கன்னட மண். நம் பிள்ளைகள் கன்னடம் படிக்கவேண்டும். கோயிலில் கன்னடப் பூசை வேண்டுமென்று கேட்பவருக்கு அது கிடைக்கவேண்டும். அதேபோல, சாகக் கிடக்கும் தமிழ்க் கிழவி தமிழில்தான் பாவசங்கீர்த்தனம் செய்வாள். அவள் சொல்வது புரியாத குருவானவரை இங்கே அனுப்புவது அவளுக்கும் நியாயமில்லை, அவருக்கும் நியாயமில்லை. தங்கவயலுக்கு வருகிறவர் தமிழும் கன்னடமும், முடிந்தால் நாலு வார்த்தை தெலுங்கும் கற்கட்டும். சுரங்கத்துக்கு வந்த வெள்ளைக்கார அதிகாரிகளே வேலைக்காகத் தமிழ் கற்றார்கள். ஆன்மாவுக்காக வந்தவருக்கு அது பாரமா?

குழந்தைகள் விஷயத்தில் மட்டும் நயமாகப் பேச எனக்கு மனமில்லை. 2012-ம் ஆண்டின் போக்சோ சட்டப்படி, ஒரு குழந்தைக்குப் பாலியல் கொடுமை நடந்தது தெரிந்தும் போலீசுக்குத் தெரிவிக்காதவர் யாராயிருந்தாலும் தண்டனைக்குரியவர். நிறுவனத் தலைவர் தமக்குக் கீழ் இருப்பவரின் குற்றத்தை மறைத்தால் ஓராண்டு வரை சிறை. ‘வேறு ஊருக்கு மாற்றிவிட்டோம், ஜெபியுங்கள்’ என்ற பழைய மருந்து இனிமேல் செல்லாது. பிரான்சிஸ் பாப்பரசர் 2019 மே மாதம் ஓர் ஆணை பிறப்பித்தார். இப்படிப்பட்ட புகார்களைப் பெற, மக்கள் எளிதில் அணுகக்கூடிய ஏற்பாடு ஒவ்வொரு மறைமாவட்டத்திலும் ஓராண்டுக்குள் இருக்கவேண்டும் என்றது அது. 2023-ல் சில திருத்தங்களோடு அதையே நிரந்தரமாக்கினார். உங்கள் கோயில் அறிவிப்புப் பலகையைப் பாருங்கள். திருவிழா நன்கொடையாளர் பட்டியல் இருக்கும். புகார் சொல்லவேண்டிய இடமும் போன் நம்பரும் இருக்கிறதா? இல்லாவிட்டால் 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணையாவது பெரிதாக எழுதி ஒட்டுங்கள். அதற்கு எந்த ஆயரின் அனுமதியும் வேண்டாம்.

புகார் கொடுத்தால் என்ன ஆகும் என்று கேட்பவர்களும் உண்டு. நியாயமான கேள்வி. மைசூர் மறைமாவட்டத்தில் 37 குருக்கள் தங்கள் ஆயர் மீதே ரோமாபுரிக்கு எழுதினார்கள். அது வெளியே வந்தது 2019-ல். ஆயர் குற்றச்சாட்டுகளை மறுத்தார். அவர் பொறுப்பிலிருந்து ஒதுங்கி, பெங்களூரின் முன்னாள் பேராயர் நிர்வாகியாக வந்தது 2023 ஜனவரியில். இறையியல் படித்த 37 பேர் கையெழுத்துக்கே அத்தனை காலம் பிடித்தது என்றால், கைநாட்டு வைக்கும் விதவையின் மனு எந்த மேஜையில் தூங்கும்? தாமதம் குற்றம் சாட்டப்பட்டவருக்கும் கொடுமைதான். நிரபராதியாக இருந்தால் நாலு வருடம் பழியைச் சுமந்துகொண்டு பீடத்தில் நிற்கவேண்டும். பொய்ப்புகாரால் உடைந்துபோன போதகர் ஒருவரை நான் அறிவேன். அவர் பின்னால் எழுந்திருக்கவே இல்லை. விரைவாக விசாரித்து, முடிவை எழுத்தில் சொல்லிவிடுவதே இரு தரப்புக்கும் தர்மம்.

குருமார்கள் பக்கத்தையும் பார்க்கவேண்டும். சுரங்கம் ஓடிய காலத்தில் சம்பளநாள் வந்தால் உண்டியல் நிறையும். இப்போது விடியுமுன் மாரிக்குப்பத்தில் ரயிலேறி, நூறு கிலோமீட்டர் தள்ளிப் பெங்களூரில் வேலை செய்து, இரவு திரும்புகிற பிள்ளைகளின் ஊர் இது. கோயில் கூரை ஒழுகுகிறது, உபதேசியாருக்குச் சம்பளம் கொடுக்கவேண்டும், கல்லறைச் சுவர் விழுந்து கிடக்கிறது. பணம் எங்கிருந்து வரும் என்ற கவலை குருவானவர் தலையில்தான். சந்தாவே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. உயிரோடு இருப்பவரிடம் வந்து கேளுங்கள், வீடு தேடி வந்து கேளுங்கள். வீடு தேடி வரும் குருவானவருக்கு, யாருக்கு இல்லை, யாருக்கு மனமில்லை என்று தெரிந்துவிடும்.

அப்படி வந்தவர்களையும் இந்த ஊர் பார்த்திருக்கிறது. என் சிறு வயதில், சங்கு ஊதி விபத்து என்று தெரிந்தால், ஷாப்ட் வாசலில் பெண்கள் கூட்டத்தோடு ஒரு அங்கியும் நிற்கும். கூண்டு மேலே வந்து கதவு திறக்கும்வரை அவர் நகரமாட்டார். எழுதப் படிக்கத் தெரியாத எங்கள் தாய்மாருக்கு ஊருக்குக் கடிதம் எழுதிக் கொடுத்ததும், குடித்துவிட்டுச் சம்பளத்தை அழிப்பவனிடமிருந்து பாதியை வாங்கிப் பத்திரப்படுத்தியதும் அவர்தான். வாங்கிய ஒவ்வொரு ரூபாயையும் ஒரு நீல அட்டை நோட்டில் எழுதி, கொடுத்தவன் கையெழுத்தையும் வாங்கிக்கொள்வார். ‘நான் நாளைக்குச் செத்துப்போனால் உன் காசு யாரிடம் கேட்பாய்?’ என்று சிரிப்பார்.

இறந்தவரின் மகன் அந்தச் சந்தா ரசீதை என்னிடம் கொடுத்து வைத்திருக்கிறான். தேதி இருக்கிறது, தொகை இருக்கிறது, முத்திரை இருக்கிறது. ‘எதற்காக’ என்ற கட்டம் மட்டும் காலியாக இருக்கிறது. வருகிற மாதம் கோயிலில் பொதுக்கூட்டம். லைன்காரர்கள் பத்துப் பேர் அந்த ரசீதோடு போகிறோம். குருவானவரிடம் முன்கூட்டியே சொல்லிவிட்டேன். கோபித்துக்கொள்ளவில்லை; ‘கொண்டுவாருங்கள், பார்ப்போம்’ என்றார்.